டெக் முதல் டெலிகிராம் வரை: காஞ்சியின் திருட்டுத் திரை

1979ல் அத்திமரப் பெருமாள் சிலையான அத்தி வரதர் அனந்தசரஸ் குளத்திலிருந்து எழுந்தருளியபோது, காஞ்சிபுரத்துக்கு நேரில் வந்தவர்களுக்குத்தான் தரிசனம். மற்றவர்கள் மறுநாள் செய்தித்தாளில் படித்துத் தெரிந்துகொண்டார்கள். சென்னைத் தொலைக்காட்சி நிலையம் தொடங்கி நான்கு வருடம்தான் ஆகியிருந்தது. ஊரில் டிவிப்பெட்டி வைத்திருந்த வீடுகளை அடையாளம் சொல்ல மொட்டைமாடி ஆன்டெனா போதும். அடுத்த முறை அவர் வெளியே வந்தது 2019ல். ஜூலை 1 முதல் ஆகஸ்ட் 17 வரை 48 நாளும் அவர் செய்திச் சேனல்களில் வந்தார், கைபேசிகளில் வந்தார், டொரான்டோவிலும் கோலாலம்பூரிலும் இருக்கும் சொந்தக்காரர்களின் வாட்ஸ்அப்பில் வந்தார்.

இந்த இரண்டு தரிசனங்களுக்கும் இடையில் காஞ்சிபுரம் டிவி பார்க்கக் கற்றுக்கொண்டது. காசு கொடுக்காமல் பார்க்கவும் கூடவே கற்றுக்கொண்டது.

நெசவாளர் வீட்டுக்கு டிவி தாமதமாக வந்ததற்குத் தொழிலே ஒரு காரணம். குழித்தறியில் உட்கார்ந்தவருக்குக் கண்ணும் கையும் காலும் தறிக்குச் சொந்தம். காது மட்டும்தான் சும்மா இருக்கும். அதனால் பிள்ளையார்பாளையத்துத் தறிக்கூடங்களில் ரேடியோதான் ராஜா. இலங்கை வானொலியின் தமிழ்ச் சேவையைக் கேட்டுக்கொண்டே ஒரு முழம் நெய்துவிடலாம். டிவியை அப்படிப் பார்க்க முடியாது, ஊடு தப்பிவிடும். ஆகவே டிவி என்பது விளக்கு வைத்த பிறகு. இல்லையென்றால் தறி நிறுத்தும் அமாவாசையன்று.

அந்த அமாவாசைகளுக்காகவே வந்ததுபோல வந்தது டெக். 1982 டெல்லி ஆசிய விளையாட்டுப் போட்டியை ஒட்டி கலர் டிவியும் வீடியோ டெக்கும் நாட்டுக்குள் பரவின. காஞ்சிபுரத்தில் டெக் வாங்கியவர்கள் குறைவு. வாடகைக்கு எடுத்தவர்கள்தான் அதிகம். கல்யாண வீடு, காதுகுத்து, தெருப் பிள்ளையார் கோயில் விழா என்று ஏதாவது ஒரு சாக்கு போதும். டிவி, டெக், மூன்று கேசட் எல்லாம் சேர்த்து ஒரு ராத்திரி வாடகை. தெருவில் வீட்டுக்கு இவ்வளவு என்று வசூல் செய்து, பெட்டியைத் திண்ணையில் வைத்து, எதிர்த் திண்ணை வரை பாய் விரித்துவிடுவார்கள். முதலில் பக்திப் படம், நடுவில் எம்ஜிஆர் அல்லது சிவாஜி, குழந்தைகள் தூங்கிய பிறகு புதுப் படம். படத்தில் கோடு விழுந்தால் டெக்கைத் திறந்து, ஹெட்டை ஸ்பிரிட் தொட்ட துணியால் துடைக்க ஒருவர் கூடவே இருப்பார். பொழுது விடிவதற்குள் பெட்டியைத் திருப்பிக் கொடுத்தாக வேண்டும்.

அந்தப் புதுப் படம் எங்கிருந்து வந்தது? சினிமாக்காரர்கள் எஃப்.எம்.எஸ். என்று ஒரு உரிமையைத் தனியாக விற்பார்கள். வெளிநாடு, மலேசியா, சிங்கப்பூர் என்பதன் சுருக்கம் அது. அங்குள்ள தமிழர்களுக்காக முறைப்படி விற்ற வீடியோ கேசட், யாரோ ஒருவரின் பெட்டியில் துணிமணிகளுக்கு நடுவே திரும்பவும் சென்னைக்கு வந்து இறங்கும். அங்கே பிரதி எடுப்பார்கள், பிரதிக்குப் பிரதி எடுப்பார்கள். காஞ்சிபுரம் வீடியோ லைப்ரரிக்கு வந்து சேரும்போது கதாநாயகன் முகம் வெளிறி, வசனம் கிணற்றுக்குள்ளிருந்து கேட்கும். ஆனாலும் பார்த்தார்கள். தியேட்டரில் ஓடி முடிந்த படம் தூர்தர்ஷனுக்கு வர வருடக்கணக்கில் ஆன காலம் அது. காசு கொடுத்துப் பார்க்கலாம் என்றாலும் விற்க ஆள் இல்லை.

தமிழக அரசு 1984லேயே இதற்கு ஒரு தனிச் சட்டம் கொண்டுவந்தது. வீடியோ கேசட் மூலம் டிவித் திரையில் படம் காட்ட உரிமம் வேண்டும் என்றது. பின்னர் கேபிளையும் அதில் சேர்த்தார்கள். திண்ணையில் படம் பார்த்தவர்களுக்கு அப்படியொரு சட்டம் இருப்பதே தெரியாது.

1991ல் ஹாங்காங்கிலிருந்து ஸ்டார் டிவி இறங்கியது. 1993 தமிழ்ப் புத்தாண்டன்று சன் டிவி வந்தது. டெக் வாடகைக்கு விட்ட இளைஞர்களில் கொஞ்சம் துணிச்சல் உள்ளவர்கள் மொட்டைமாடியில் கம்பிவலை டிஷ்ஷைத் தூக்கி வைத்துக் கேபிள்காரர் ஆனார்கள். தென்னை மரத்தில் ஒரு சுற்று, விளக்குக் கம்பத்தில் ஒரு சுற்று, ஓட்டு வீட்டுக் கூரை மேல் ஒரு கல் என்று கறுப்பு ஒயர் தெருத் தெருவாக ஓடியது. பத்து வீட்டுக்கு ஒரு ஆம்பிளிஃபயர். அது கரன்ட் போனால் அணைந்துவிடும். அது மாட்டியிருக்கும் வீட்டுக்காரருக்கு மட்டும் இணைப்பு இலவசம்.

கேபிள்காரரின் உண்மையான சொத்து ஸ்டார் டிவியோ சன் டிவியோ அல்ல. அவருடைய லோக்கல் சேனல். ஒரு டெக்கை நேராக ஒயரில் செருகினால் சேனல் தயார். ராத்திரி பத்து மணிக்கு அதில் புதுப் படம். திரையின் அடியில் பட்டுக்கடை விளம்பரமும் கல்யாண மண்டப விளம்பரமும் ஊர்ந்து போகும். நடுவில் இரண்டாம் வகுப்புப் பையனின் பிறந்தநாள் வாழ்த்து வரும். படத்துக்கு உரிமம் இருக்கிறதா என்று யாரும் கேட்டதில்லை. மறுநாள் வசூலுக்குப் போனால் வேறு கேள்விதான் வரும்.

"இன்னா தம்பி, நேத்து கிளைமாக்ஸ்ல கட் பண்ணிட்ட?"

"கரன்ட் போச்சுக்கா. இன்னிக்கு நைட்டு மறுபடியும் போடறேன்."

"போடு. இந்த மாசம் நெசவாளர் சங்கத்துல கூலி வரல, அடுத்த மாசம் சேர்த்துத் தரேன்."

கேபிள்காரர் சரி என்று போய்விடுவார். இந்தக் கடனும் பொறுமையும்தான் அந்தத் தொழிலின் அஸ்திவாரம். திருட்டு என்று சட்டம் சொன்னதைத் தெரு உதவி என்று எடுத்துக்கொண்டது. கேபிள்காரருக்கு முகம் இருந்தது, வீடு இருந்தது, அம்மா பெயர்கூட எல்லாருக்கும் தெரியும்.

முகம் இருந்ததால் பிடிக்கவும் முடிந்தது. 1995ல் மத்திய அரசின் கேபிள் தொலைக்காட்சிச் சட்டம் வந்தது. கேபிள்காரர் தலைமைத் தபால் நிலையத்தில் பதிவு செய்துகொள்ள வேண்டியிருந்தது. தவறினால் கருவிகளைப் பறிமுதல் செய்யலாம். தபால் தலை விற்கிற இடத்தில் கேபிள்காரரைப் பதிவு செய்தது விசித்திரம்தான். ஆனால் ஊருக்கு ஊர் ஆளைத் தெரிந்த அலுவலகம் அது ஒன்றுதான். அதே 1995ல் தமிழகக் காவல்துறையில் வீடியோ திருட்டுத் தடுப்புப் பிரிவும் வந்தது.

அடுத்த பிரச்சினை கட்டணச் சேனல்கள். நூறு வீட்டுக்குக் காசு வாங்கிவிட்டு இருபது வீடு என்று கணக்குக் காட்டுவது நாடெங்கும் கேபிள் தொழிலில் நடந்த கதை. 2002 உலகக் கோப்பைக் கால்பந்தின்போது இது முற்றியது. துபாயிலிருந்து இயங்கிய டென் ஸ்போர்ட்ஸ் சேனலை உரிமம் இல்லாமல் காட்டியவர்கள் எத்தனை பேர், யார் யார் என்றே அந்த நிறுவனத்துக்குத் தெரியவில்லை. டெல்லி உயர்நீதிமன்றம் பெயர் தெரியாத ஆட்கள் மீதே தடை உத்தரவு போட்டு, கேபிள் அறைகளில் புகுந்து சோதிக்க ஆணையரையும் நியமித்தது. ஆள் யார் என்றே தெரியாமல் ஒருவர் மீது வழக்குப் போடலாம் என்ற யோசனை இந்தியாவில் வேரூன்றியது இப்படி ஒரு கேபிள் வழக்கில்தான்.

2004ல் ஜெயலலிதா அரசு இன்னும் கடுமையான வேலை ஒன்று செய்தது. கள்ளச்சாராயக்காரர்களுக்கும் ரவுடிகளுக்கும் இருந்த 1982ஆம் ஆண்டு குண்டர் சட்டத்தில் வீடியோ திருடர்களையும் சேர்த்தது. திருட்டு விசிடி விற்றவரை விசாரணை இல்லாமலே ஒரு வருடம் வரை உள்ளே வைக்கலாம். சினிமாக்காரர்கள் கைதட்டினார்கள். பத்து ரூபாய் லாபத்துக்குப் பேருந்து நிலையத்தில் விசிடி விற்றவனுக்கும் சாராய வியாபாரிக்கும் ஒரே கயிறு என்பது என் கணக்கில் நியாயமாகப் படவில்லை. மாஸ்டர் பிரதி எடுத்த ஆள் கடைசிவரை வேறு ஊரில்தான் இருந்தார்.

பிறகு அரசே டிவி வியாபாரத்துக்குள் வந்தது. காஞ்சிபுரத்தின் மகன் அண்ணாவின் பிறந்தநாளான செப்டம்பர் 15ல், 2006ஆம் ஆண்டு, இலவச வண்ணத் தொலைக்காட்சித் திட்டம் தொடங்கியது. தமிழகம் முழுக்க ஒன்றரைக் கோடிக்கும் மேற்பட்ட பெட்டிகள். தறி மட்டுமே இருந்த வீட்டிலும் பதினாலு அங்குல கலர் டிவி வந்து உட்கார்ந்தது. பெட்டி கொடுத்தால் ஒயரும் வேண்டுமே. 2011 செப்டம்பரில் அரசு கேபிள் டிவி, சென்னை நீங்கலாக, மாதம் 70 ரூபாய்க்கு ஓடத் தொடங்கியது. நெசவாளர் வீட்டுக்குத் தாங்கக்கூடிய விலை அது. என்னைக் கேட்டால், குண்டர் சட்டம் சாதிக்காததை அந்த எழுபது ரூபாய் சாதித்தது. லோக்கல் சேனலில் ராத்திரிப் படத்துக்குக் காத்திருக்கும் அவசியமே குறைந்துபோனது.

ஆனால் அதற்குள் திருட்டு வேறு வழிக்கு மாறிவிட்டது.

2012ல் தனுஷ் நடித்த '3' படத்துக்காகச் சென்னை உயர்நீதிமன்றம் பெயர் தெரியாதவர்கள் மீது ஒரு தடை உத்தரவு கொடுத்தது. மேல்நாட்டில் இப்படிப்பட்ட பெயரில்லா எதிரிக்கு ஜான் டோ என்று பெயர். நம் ஊரில் அசோக் குமார். இணையச் சேவை நிறுவனங்கள் அந்த உத்தரவைக் கையில் வைத்துக்கொண்டு, திருட்டோடு சம்பந்தமே இல்லாத தளங்களையும் முழுசாக மூடிவிட்டன. படம் இருக்கும் குறிப்பிட்ட பக்கங்களை மட்டும் மூடினால் போதும் என்று நீதிமன்றமே சில வாரங்களில் திருத்திச் சொல்ல நேர்ந்தது. 2018 நவம்பரில் ரஜினியின் '2.0'. வெளியீட்டுக்கு முந்தின நாள், பன்னிரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட இணைய முகவரிகளை முடக்கச் சொல்லி அதே நீதிமன்றம் உத்தரவிட்டது. அதில் திருட்டுப் படத் தளமான தமிழ் ராக்கர்ஸின் மாற்று முகவரிகள் மட்டும் ஆயிரக்கணக்கில். படம் வெளியான அன்றே இணையத்தில் இருந்தது.

அசோக் குமாரை எந்தத் தெருவில் போய்த் தேடுவது?

கேள்வி காஞ்சிபுரத்தைத் தாண்டிப் போய்விட்டதால், உலகம் இதை எப்படிக் கையாண்டது என்பதையும் கொஞ்சம் பார்க்கலாம். இன்று திருட்டு ஒளிபரப்பு என்றால் அடுத்தவர் நிகழ்ச்சியைத் திருடுவது. ஆரம்பத்தில் அது அலைவரிசையைத் திருடுவது. 1964ல் நெதர்லாந்துக் கரைக்கு அப்பால், கடலில் இரும்புக் கால்கள் ஊன்றி ஒரு மேடை கட்டி, அங்கிருந்து டிவி நூர்ட்ஸே என்ற சேனலை ஒளிபரப்பினார்கள். நாட்டுச் சட்டம் எட்டாத தூரம் என்று அவர்கள் நினைப்பு. நெதர்லாந்து புதிதாக ஒரு சட்டம் போட்டு, அந்த டிசம்பரிலேயே ஆட்களை இறக்கி மூடியது. அடுத்த மாதம் ஐரோப்பிய நாடுகள் கூடி, எல்லைக்கு வெளியிலிருந்து ஒளிபரப்பும் நிலையங்களுக்கு யாரும் பொருளோ விளம்பரமோ கொடுக்கக் கூடாது என்று ஒப்பந்தம் செய்துகொண்டன. 1982ஆம் ஆண்டின் ஐ.நா. கடல் சட்டத்தில் 109ஆம் பிரிவும் இதையேதான் சொல்கிறது: நடுக்கடலிலிருந்து அனுமதியில்லாமல் ஒளிபரப்பினால் எல்லா நாடுகளும் சேர்ந்து தடுக்க வேண்டும்.

இந்த வகையில் தமிழர்கள் சம்பந்தப்பட்ட ஒரு வழக்கும் உண்டு. 2007 ஏப்ரலில் இன்டெல்சாட் நிறுவனம் தன் செயற்கைக்கோளில் காலியாக இருந்த ஒரு அலைவரிசையை விடுதலைப் புலிகள் அனுமதியில்லாமல் தங்கள் தொலைக்காட்சிக்குப் பயன்படுத்துவதாகச் சொன்னது. புலிகள் தரப்பு மறுத்தது. அமெரிக்காவிலிருந்த இலங்கைத் தூதர் நிறுவனத்திடம் முறையிட, அந்த அலைவரிசையை அணைத்துவிட்டார்கள். போர், அரசியல் எல்லாவற்றையும் ஒதுக்கிவைத்துப் பார்த்தால், அங்கே சுவிட்ச் இருந்த இடம் தெரிந்திருந்தது, அதன் சொந்தக்காரரும் தெரிந்திருந்தார். அதனால்தான் ஒரே மாதத்தில் முடிந்தது.

நிகழ்ச்சித் திருட்டில் அந்த வசதி கிடையாது. ஒளிபரப்பாளர்களின் உரிமையைக் காக்க 1961ல் ரோம் ஒப்பந்தம், செயற்கைக்கோள் சிக்னலைக் காக்க 1974ல் பிரஸ்ஸல்ஸ் ஒப்பந்தம் என்று இரண்டு பழைய காகிதங்கள் இருக்கின்றன. ரோமில் இந்தியா கையெழுத்திட்டது, ஆனால் உறுதிப்படுத்தவில்லை. உள்நாட்டில் 1994ல் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்தி ஒளிபரப்பாளர்களுக்கு 25 வருட உரிமை கொடுத்ததோடு சரி. இணையக் காலத்துக்கென்று புதிய ஒப்பந்தம் வேண்டும் என ஜெனீவாவில் உலக அறிவுசார் சொத்து அமைப்பு 1998ல் பேசத் தொடங்கியது. கால் நூற்றாண்டு தாண்டியும் அது கையெழுத்தாகவில்லை. சிக்னலை மட்டும் காத்தால் போதுமா, அதற்குள் இருக்கும் நிகழ்ச்சிக்கும் ஒளிபரப்பாளருக்கு உரிமை தருவதா என்பதில் முட்டிக்கொண்டு நிற்கிறது. சிக்னலோடு நிறுத்துங்கள் என்பதே இந்தியாவின் நிலை. அதுதான் சரி. இல்லாவிட்டால் படம் எடுத்தவரைவிடப் படத்தைக் கடத்தித் தருபவருக்கு அதிக உரிமை போய்ச் சேரும்.

ஒப்பந்தம் இல்லாத இடத்தில் சண்டை நாடுகளுக்கு இடையே நடக்கிறது. கத்தாரின் பீஇன் விளையாட்டுச் சேனல்களை 2017 முதல் பீஅவுட்க்யூ என்ற பெயரில் அப்படியே திருடி ஒளிபரப்பினார்கள். கத்தார் உலக வர்த்தக அமைப்புக்குப் போனது. 2020 ஜூனில் வந்த தீர்ப்பு, தன் எல்லைக்குள் இருந்த அந்தத் திருடர்கள் மீது குற்ற நடவடிக்கை எடுக்கத் தவறியதாகச் சவூதி அரேபியாவைச் சுட்டியது. 2024 நவம்பரில் இத்தாலியப் போலீஸ் தலைமையில் பல நாடுகள் சேர்ந்து ஒரு திருட்டு ஐபிடிவி (இணையவழி டிவி) வலையை உடைத்தன. அதற்கு உலகெங்கும் 2 கோடியே 20 லட்சத்துக்கு மேல் பார்வையாளர்கள் இருந்தார்களாம்.

வெளிநாட்டுத் தமிழர் வீட்டில் இருக்கும், எல்லா இந்தியச் சேனலும் வரும் மலிவுப் பெட்டி இந்த வகையறாவின் தூரத்து உறவுதான். தெற்காசியச் சேனல்களைக் காட்டிய ஜாடூ டிவி மீது அமெரிக்காவின் டிஷ் நிறுவனம் 2018ல் வழக்குப் போட்டது. அந்தப் பக்கம் விற்ற கேசட் ஒரு காலத்தில் இந்தப் பக்கம் திரும்பி வந்தது. இப்போது இங்கே ஓடும் சேனல் அந்தப் பக்கம் கடத்தப்படுகிறது.

மறுபடியும் ஊருக்கு வருவோம். இன்று காஞ்சிபுரத்தில் கேபிள்காரர் என்ன செய்துகொண்டிருக்கிறார்?

புகார் சொல்லிக்கொண்டிருக்கிறார்.

2017ல் அரசு கேபிளுக்கு டிஜிட்டல் உரிமம் கிடைத்து செட்டாப் பாக்ஸ் வந்தது. இனி எத்தனை வீடு என்பதைப் பெட்டியே சொல்லிவிடும். குறைத்துக் கணக்குக் காட்ட முடியாது. 2019 பிப்ரவரியில் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராயின் விதி மாறி, முதல் நூறு சேனலுக்கு அடிப்படைக் கட்டணம் 130 ரூபாய், வரியோடு 153 ரூபாய்க்கு மேல் என்றாகி, கட்டணச் சேனல் ஒவ்வொன்றுக்கும் தனி விலை வந்தது. எழுபது ரூபாய்க்குப் பழகிய வீட்டில் முணுமுணுப்பு எழுந்தது. அதே நேரத்தில் மலிவு டேட்டா. படம் டெலிகிராமில் வருகிறது, மேட்ச் ஏதோ ஒரு லிங்க்கில் வருகிறது, வருடத்துக்கு ஒரு தொகை வாங்கிக்கொண்டு எல்லாச் சேனலும் எல்லா ஓடிடியும் தருகிற ஆண்ட்ராய்டு பாக்ஸை யாரோ கொண்டுவந்து மாட்டிவிட்டுப் போகிறார்கள். கேபிள்காரரின் இணைப்புகள் ஒவ்வொன்றாகக் கழன்றுவிடுகின்றன. ஒரு காலத்தில் ராத்திரிப் படம் போட்டு சட்டத்திடம் திருடன் பட்டம் வாங்கியவர், இன்று உரிமம், வரி, பதிவு எல்லாம் ஒழுங்காக வைத்துக்கொண்டு, திருட்டு ஐபிடிவியைத் தடுங்கள் என்று மனு எழுதும் தரப்பில் நிற்கிறார். அன்று தியேட்டர்காரர் அவரைப் பார்த்துச் சொன்னதைத்தான் இன்று அவர் சொல்கிறார். சிரிப்பு வரத்தான் செய்கிறது. ஆனால் அவர் சொல்வதில் பொய் இல்லை.

டெக் காலத்தில் வாங்க வழி இல்லை என்பது நியாயமான சாக்கு. இன்று அது செல்லாது. 2020 மே மாதம் 'பொன்மகள் வந்தாள்' நேராக ஓடிடியில் வெளியானதிலிருந்து புதுப் படம் வீட்டுக்கு வர வருடங்கள் ஆவதில்லை, வாரங்கள் போதும். மிச்சமிருக்கும் சாக்கு விலை. நாலு படம் நாலு ஓடிடியில் என்றால் நாலு சந்தா. மாதக் கூலிக்கு நெய்பவரிடம் நாலுக்கும் பணம் கட்டு என்பது நடக்கிற காரியமில்லை. அரசு கேபிளின் எழுபது ரூபாய்ப் பாடத்தை ஓடிடி நிறுவனங்கள் இன்னும் படிக்கவில்லை.

அதற்காக, திருடுவது யாருக்கும் நஷ்டமில்லை என்ற பேச்சை மட்டும் இந்த ஊர் நம்பக் கூடாது. நகல் என்றால் என்ன என்று காஞ்சிபுரத்துக்குத் தெரிந்த அளவு வேறு ஊருக்குத் தெரியாது. மூன்று நாடா போட்டு, உடலையும் கரையையும் கோர்வையில் இணைத்து, பதினைந்து இருபது நாள் உட்கார்ந்து நெய்த சேலையின் படம் கைபேசியில் கிளம்பிப் போகிறது. சில நாளில் அதே கரை, அதே புட்டா, விசைத்தறியில், கால் விலையில் கடைக்கு வருகிறது. அதைத் தடுக்க 1985ல் கைத்தறி ஒதுக்கீட்டுச் சட்டம், 2005-06ல் காஞ்சிபுரம் பட்டுக்குப் புவிசார் குறியீடு. இரண்டும் இருந்தும் நகல் நிற்கவில்லை. சேலை வாங்கும் பெண்மணி ஏமாந்து வாங்குகிறார் என்றால் நெசவாளர் பொறுத்துக்கொள்வார். தெரிந்தே வாங்குகிறார் என்றால் அவருக்கு வயிறு எரியும். படம் எடுத்தவரின் நிலையும் அதுதான்.

சட்டம் இன்னும் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது. 2023ல் திருத்திய சினிமா சட்டப்படி, தியேட்டரில் படத்தைத் திருட்டுத்தனமாகப் பதிவு செய்தால் மூன்று மாதம் முதல் மூன்று வருடம் வரை சிறை. அபராதம் 3 லட்சம் ரூபாயில் தொடங்கி, படத்தின் தயாரிப்புச் செலவில் 5 சதவீதம் வரை போகலாம். புகார் கொடுத்தால் 48 மணி நேரத்துக்குள் இணையத்திலிருந்து நீக்க மத்திய அரசு அதிகாரிகளை நியமித்திருக்கிறது. 2024 ஜூலையில் திருவனந்தபுரம் தியேட்டர் ஒன்றில் 'ராயன்' படத்தைக் கைபேசியில் பதிவு செய்துகொண்டிருந்த ஒருவரைக் கேரளப் போலீஸ் கையும் களவுமாகப் பிடித்தது. இருக்கையில் உட்கார்ந்திருந்த ஆள் என்பதால் பிடிக்க முடிந்தது. நாற்பத்தெட்டு மணி நேரம் என்பது டெலிகிராமுக்கு ஒரு யுகம்.

எனவே ஜெனீவாவையும் டெல்லியையும் எதிர்பார்த்து உட்காராமல் வாசகர் செய்யக்கூடிய காரியம் ஒன்று இருக்கிறது. வருடத்துக்கு இவ்வளவு கொடுத்தால் எல்லாச் சேனலும் எல்லாப் படமும் வரும் என்று யாராவது பெட்டியோடு வாசலுக்கு வந்தால், முதலில் ரசீது கேளுங்கள். அதில் எந்த நிறுவனத்தின் பெயர், எந்த ஜிஎஸ்டி எண், கோளாறு வந்தால் யாரைக் கூப்பிடுவது என்று பாருங்கள். பட்டு எடுக்கும்போது சில்க் மார்க் அட்டையைத் திருப்பிப் பார்த்துவிட்டுத்தானே பணத்தை எண்ணுகிறீர்கள்? பெட்டிக்காரர் ரசீது தரமாட்டார். உங்கள் பணத்தை வாங்கிக்கொண்டு ஒரு நாள் சிக்னல் நின்றுபோனால், அக்கா, மறுபடியும் போடறேன் என்று சொல்லவும் அவர் வரமாட்டார்.